கைதூக்கு ஐயர்

சபையாருக்கு முதுகைக் காட்டிச் சுவரைப் பார்த்து நின்ற அந்தச் சில நிமிஷங்களில் எங்கள் ஐயரின் முகம் எப்படி இருந்திருக்கும்? அவர் போக ஆசைப்பட்டாரா, இல்லை, யாராவது "போக வேண்டாம்" என்று சொல்லமாட்டார்களா என்று காத்திருந்தாரா? எனக்குக் கல்யாணமாகி இரண்டு குழந்தைகள் பிறந்த பிறகும் இதற்கு விடை தெரியவில்லை.

தெரியாமல் இருப்பது இத்தனை நாள் ஒரு குறையாகப் படவில்லை. இப்போது படுகிறது. என் கணவர் ரயில்வேயில் வேலை பார்க்கிறார். அம்பத்தூரிலிருந்து அவரை ரேணிகுண்டாவுக்கும் அப்பால் ஒரு சின்ன ஸ்டேஷனுக்கு மாற்றியிருக்கிறார்கள். அங்கே பள்ளிக்கூடம் கிடையாது. ஏழு வயதாகும் என் மூத்த பெண்ணைச் சென்னையில் ஒரு விடுதிப் பள்ளியில் சேர்த்துவிட்டுப் போவதா, எங்களோடு கூட்டிப்போவதா என்று வீட்டில் பேச்சு நடக்கிறது. அவளையே கேட்டுவிடலாம் என்று, "விடுதிக்குப் போறியா கண்ணு?" என்று கேட்டேன். "போறேம்மா" என்றாள். ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. அவள் யோசிக்காததுதான் எனக்கு ஐயரை நினைவுக்குக் கொண்டுவந்தது. இது பொருத்தமான ஒப்பிடல்தானா என்றும் தெரியவில்லை. எழுதிப் பார்க்கிறேன்.

நான் பிறந்து வளர்ந்தது பூந்தமல்லிக்குப் பக்கத்தில், சென்னீர்குப்பத்தில். அங்கே ஒரு சின்னக் கோயிலும் அதை ஒட்டி மிஷன் பள்ளிக்கூடமும் இருந்தன. என் அப்பா அந்தப் பள்ளிக்கூடத்து வாத்தியார். எங்கள் சபைகளில் போதகரை ஐயர் என்றுதான் கூப்பிடுவோம். எங்கள் ஐயர் அமெரிக்கா தேசத்திலிருந்து வந்தவர். போதகராவதற்கு முன்னால் அவருடைய மாகாணத்துச் சட்டசபையில் அங்கத்தினராக இருந்தவர் என்று அப்பா பெருமையாகச் சொல்வார். சட்டசபை என்றால் என்னவென்று எங்கள் தெருவில் அப்பாவைத் தவிர யாருக்கும் தெரியாது. "அந்த ஊரு ராசாவுக்கு மந்திரியா இருந்தாராம்" என்று ஒருவர் சொல்ல, "அந்த ஊர்ல ராசாவே கெடயாதாம்பா" என்று இன்னொருவர் சொல்ல, ராஜா இல்லாத ஊரில் மந்திரி எப்படி என்று பேச்சு அங்கேயே நின்றுவிடும்.

ஆள் நல்ல உயரம். உட்காரும்போது முழங்கால்கள் இரண்டும் மேலே எழும்பி நிற்கும். மீசையை மழித்துவிட்டுத் தாடியை மட்டும் விட்டிருப்பார். மிஷன் மாட்டு வண்டியை ஓட்டிய தாவீது மாமாவுக்கு அது கடைசிவரை பிடிபடவில்லை.

"மீசய வழிச்சிட்டு தாடிய வுட்டுகினு கீறாரே, இது இன்னா ஊரு பழக்கம் வாத்தியாரே? பாதி கூலிதான் குட்த்தாரா அம்பட்டனுக்கு?"

"நீயே கேளேன் தாவீது."

"நான் கேட்டா, அதுக்கும் கைய தூக்கச் சொல்வாரு."

அதுதான் அவருடைய வழக்கம். எதையும் அவராகத் தீர்மானிக்கமாட்டார். ஆராதனை காலையிலா சாயங்காலமா, பள்ளிக்கூடத்துக்கு ஓலை மாற்றுவதா ஓடு போடுவதா, அறுப்பின் பண்டிகைக்கு எந்த நாள் என்று எல்லாவற்றையும் சபையின் முன்னால் வைப்பார். அவர் தமிழைப் புத்தகத்தில் படித்து வந்தவர். "ஆம் என்போர் கரங்களை உயர்த்தலாம்" என்று அந்தக் கட்டைக் குரலில் சொல்வார். குடையின் நுனியால் ஒவ்வொரு கையாகச் சுட்டி எண்ணுவார். பிறகு, வேண்டாம் என்பவர்களுக்காக, "அன்று என்போர்" என்பார். ஊரில் அவருக்குக் கைதூக்கு ஐயர் என்று பெயர் வந்தது இப்படித்தான். அது அவருக்கும் தெரியும்.

அவர் வந்த புதிதில் நடந்ததை அம்மா சொல்லிச் சிரிப்பாள். ஆராதனையைக் காலையில் வைக்கலாமா என்று முதன்முதலாகக் கேட்டாராம். அத்தனை பேரும் கையைத் தூக்கினார்கள். ஐயருக்குச் சந்தோஷம். முறைக்காக, "மாலையில் வேண்டும் என்போர்" என்றார். மறுபடியும் அத்தனை பேரும் தூக்கினார்கள். ஐயர் குடையைக் கீழே வைத்துவிட்டுப் பலிபீடத்துப் படியிலேயே உட்கார்ந்துவிட்டாராம்.

"ஒருவர் இரண்டுக்கும் எப்படிச் சம்மதிக்க இயலும்?"

தாவீது மாமாதான் எழுந்து பதில் சொன்னார். "இன்னா தொர இப்டி கேக்கறீங்க? நீங்க நின்னுகினு கேக்க சொல்ல, நாங்க கைய தூக்காம குந்திகினு இருந்தா அது மரியாதயா?"

ஐயர் அதற்குக் கோபித்துக்கொள்ளவில்லை. வாரா வாரம் சொல்லிக் கொடுத்தார். ஒருவருக்கு ஒரு தரம்தான். ஒன்றுக்குத் தூக்கிவிட்டால் மற்றதற்குக் கையை மடியில் வைத்துக்கொள்ள வேண்டும். அப்படி வைத்துக்கொள்வது அவமரியாதை ஆகாது. மெல்ல மெல்லப் பழகினார்கள்.

பெண்களையும் கை தூக்கச் சொன்னார். ஊரே வாயில் கை வைத்தது. பெண்கள் தங்கள் வீட்டு ஆண்களைப் பார்த்துவிட்டுத் தூக்கினார்கள். ஐயர் அதைக் கவனித்து, இனிமேல் பெண்கள் முதலில் தூக்கட்டும் என்றார். அப்போது அவர்கள் ஐயரின் முகத்தைப் பார்த்தார்கள். அவருக்கு எது பிடிக்கும் என்று தெரிந்துகொண்டு அதற்குத் தூக்கினார்கள். ஆண்களும் அதைத்தான் செய்தார்கள் என்று அம்மா சொல்வாள். அதையும் அவர் கண்டுபிடித்துவிட்டார். அன்றிலிருந்து கேள்வியைச் சொன்னதும் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொள்வார். என் அப்பா எண்ணிச் சொல்வார். சொன்ன பிறகுதான் திரும்புவார்.

எனக்கு நினைவு தெரிந்தபோது அவர் இப்படிச் சுவரைப் பார்த்து நிற்பவராகத்தான் இருந்தார். சிறுபிள்ளைகளாகிய நாங்கள் முன்பாயில் உட்கார்ந்திருப்போம். கறுப்புக் கோட்டின் முதுகில் வியர்வை உப்பாகப் பூத்திருக்கும். அதைத்தான் நான் அதிகம் பார்த்திருக்கிறேன்.

அவர் ஏன் இப்படி ஆனார் என்பதற்கு எங்கள் வீட்டில் இரண்டு கதைகள் உண்டு.

அப்பா சொன்னது இது. அவர்கள் தேசத்தில் பெரிய சண்டை ஒன்று நடந்து முடிந்து, அடிமைகளாக இருந்தவர்களை விடுதலை செய்தார்களாம். அவர்களுக்கும் ஓட்டுப் போடும் உரிமை கொடுக்கலாமா என்று சட்டசபையில் கேள்வி வந்தது. ஐயரைத் தேர்ந்தெடுத்து அனுப்பிய ஊர்க்காரர்களுக்கு அதில் இஷ்டமில்லை. ஐயர் தம் மனச்சாட்சிப்படி, கொடுக்கலாம் என்று கை தூக்கினார். அடுத்த தேர்தலில் ஊர் அவரைத் தோற்கடித்துவிட்டது. மறுநாள் அவர் வீடு வீடாகப் போய், "உங்கள் தீர்ப்பை ஏற்கிறேன்" என்று சொல்லிக் கைகுலுக்கிவிட்டு வந்தாராம். பிறகு அரசியலை விட்டுப் போதகரானார்.

அம்மா சொன்னது வேறு. ஐயரின் மனைவி துரைசானி அம்மாள் உயிரோடு இருந்தபோது அம்மாவிடம் சொன்னதாம். ஐயர் அன்று ஊர்க்காரர்களின் இஷ்டப்படி, கொடுக்க வேண்டாம் என்றுதான் கை தூக்கினார். வீட்டுக்கு வந்து சாப்பிடவில்லை. அந்தக் கை செய்த பாவத்தைக் கழுவத்தான் கடல் தாண்டி வந்தார்.

"ஐயரே என்கிட்ட சொன்னது" என்பார் அப்பா.

"பொண்டாட்டிக்குத் தெரியாததா உங்களுக்குத் தெரிஞ்சிடும்?" என்பாள் அம்மா.

எது உண்மை என்று எனக்குத் தெரியாது. விசித்திரம் என்னவென்றால், எதை நம்பினாலும் நான் பார்த்த ஐயருக்கு அது பொருந்துகிறது. ஊரின் சொல்லை மதித்தவர் என்று நினைத்தால் அப்படியே தெரிகிறார். தம் கையை இனி நம்பமாட்டேன் என்று வைத்துக்கொண்டவர் என்று நினைத்தால் அதுவும் சரியாக இருக்கிறது.

துரைசானி அம்மாளைக் கோயிலுக்குப் பின்னால் ஒரு புளியமரத்தடியில்தான் அடக்கம் செய்திருந்தார்கள். ஐயர் தினமும் சாயங்காலம் அந்த நிழலில் ஒரு மணைப்பலகையைப் போட்டு உட்காருவார். ஒரு வருஷம், மரத்தின் சருகெல்லாம் கிணற்றில் விழுந்து தண்ணீர் கெடுகிறது, வெட்டிவிடலாம் என்று சிலர் சொன்னார்கள். ஐயர் வழக்கம்போலச் சபையின் முன்னால் வைத்துவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். வெட்ட வேண்டும் என்ற பக்கம் கைகள் அதிகமாக இருந்தன.

மரம் விழுந்த அன்று சாயங்காலம் அவர் வழக்கம்போலப் பலகையைக் கொண்டுவந்து அதே இடத்தில் போட்டார். வெயில் சாய்ந்து முகத்தில் அடித்தது. குடையை விரித்துப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். தாவீது மாமா பொறுக்கமாட்டாமல் போய்ச் சண்டை பிடித்தார். நானும் பின்னாலேயே போய் நின்றேன்.

"ஒரு வார்த்த சொல்லகூடாதா தொர? 'மரம் வேணும், என் சம்சாரம் கீழ படுத்துகினு கீறா'ன்னு வாயத் தொறந்து சொல்லியிருந்தா எவன் கோடாலிய தொட்டிருப்பான்?"

"அதனால்தான் சொல்லவில்லை, தாவீது."

"இது இன்னா நாயம்!"

"நான் சொன்னால் எனக்காகக் கை தூக்குவீர்கள். நான் கேட்டது உங்கள் கிணற்றைப் பற்றி."

தாவீது மாமா தலையில் அடித்துக்கொண்டு போனார். அம்மாவிடம் வந்து சொன்னபோது, "இது அடக்கமில்லண்ணா, வீம்பு" என்றாள். "நமக்கு அவர் மேல ஆசை இருக்குதான்னு ஒவ்வொரு வாட்டியும் சோதிச்சுப் பாக்கறாரு. வாய தொறக்கவும் மாட்டாராம், நாமளே கண்டுபுடிக்கணுமாம்."

அப்பாவுக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "அவரைப் போல ஒரு நியாயவான் உண்டா? கலெக்டர்கூட நம்மைக் கேட்டுச் செய்வதில்லை."

நான் இரண்டு பேர் முகத்தையும் பார்த்துக்கொண்டிருந்தேன். அன்றைக்கு அம்மா பக்கம் இருந்தேன். பெரியவளான பிறகு அப்பா பக்கம் போனேன். இப்போது எங்கே இருக்கிறேன் என்று சொல்ல முடியவில்லை.

ஐயருக்கு வயதாகிவிட்டது. படியேறும்போது சுவரைப் பிடித்துக்கொள்வார். மிஷன் மேலிடத்திலிருந்து இளவயதுக்காரர் ஒருவர் வந்து பார்த்தார். ஐயர் விரும்பினால் சொந்த தேசத்துக்கே போய் மகன் வீட்டில் இருக்கலாம், கப்பல் செலவு மிஷனுடையது, இங்கேயே இருக்க விரும்பினாலும் இருக்கலாம், அவர் இஷ்டம் என்று சொல்லிவிட்டுப் போனார். அவர் இஷ்டம் என்று ஒன்றை அவரிடம் விட்டால் என்ன செய்வார்?

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்ததும் எழுந்து நின்றார். மிஷன் சொன்னதை அப்படியே சொன்னார். ஒரு வார்த்தை கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. "நான் என் தேசத்துக்குத் திரும்பிப் போகலாம் என்போர்" என்று சொல்லிவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

பெரியவர் ஒருவர் போகட்டுமா என்று கேட்கிறார். நம் வீடுகளில் அப்படிக் கேட்டால் என்ன சொல்வோம்? மகிழ்ச்சியாகப் போய்வாருங்கள் என்போம். கிளம்புகிறவரைத் தடுத்து நிறுத்தினால் அபசகுனம். அதுவும் கடல் தாண்டிப் போகிறவர். பெற்ற பிள்ளையின் முகத்தைப் பார்க்க ஆசையில்லாத தகப்பன் உண்டா? நம்முடைய சுயநலத்துக்காக அவரைப் பிடித்து வைத்துக்கொள்வதா? அத்தனை பேர் மனத்திலும் இதுதான் ஓடியிருக்க வேண்டும். பின்னால் எல்லாரும் இதைத்தான் சொன்னார்கள்.

முதலில் ஒரு கிழவியின் கை எழுந்தது. அவள் மற்றக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். பிறகு பெண்கள் பக்கம் எல்லாக் கைகளும் எழுந்தன. பிறகு ஆண்கள். அம்மாவும் தூக்கினாள். தாவீது மாமா கடைசியாகத் தூக்கினார். அழுகைச் சத்தம் கேட்டது, ஆனால் எல்லாரும் வாயைப் பொத்திக்கொண்டுதான் அழுதார்கள். நான் முன்பாயில் இருந்தேன். ஐயரின் ஒரு காதும், சுவரில் ஊன்றியிருந்த விரல்களும் எனக்குத் தெரிந்தன. சுண்ணாம்பை நகத்தால் சுரண்டிக்கொண்டிருந்தார்.

"எல்லாரும், ஐயரே" என்றார் அப்பா.

ஐயர் திரும்பவில்லை. "இருக்க வேண்டும் என்போர்" என்றார், சுவரைப் பார்த்தபடியே.

ஒரு கைகூட எழவில்லை. ஒன்றுக்குத் தூக்கினால் மற்றதற்குத் தூக்கக் கூடாது என்று அவரே எத்தனையோ வருஷம் சொல்லிக்கொடுத்திருக்கிறாரே. எல்லாருடைய கைகளும் மடியில் இருந்தன. அப்பா எண்ணிச் சொல்ல எதுவும் இல்லாமல் நின்றார். ஐயர் எதற்காகக் காத்திருந்தார் என்று தெரியவில்லை. சுவரைப் பார்த்து நின்றுகொண்டே இருந்தார். அப்புறம் திரும்பி, "நன்றி" என்றார். ஆசீர்வாதம் கூறினார். முகம் எப்போதும்போல இருந்தது.

அவரைத் துறைமுகத்துக்குக் கொண்டுபோய் விட்டவர் தாவீது மாமாதான். திரும்பி வந்ததும் வண்டியைக்கூட அவிழ்க்காமல் எங்கள் வீட்டு வாசலில் வந்து உட்கார்ந்தார். அம்மா தண்ணீர் கொடுத்தாள்.

"பூந்தமல்லி தாண்ற வரைக்கும் பேசவே இல்ல. ஐயப்பன்தாங்கல் கிட்ட வண்டிய நிறுத்தச் சொன்னாரு. நான் திரும்பிடலாம்னு சொல்லப் போறார்னு நெனச்சிகினு மாட்டக்கூட பாதி திருப்பிட்டேன்மா."

"அப்புறம்?"

"'நீ எந்தப் பக்கம் கை தூக்கினாய் தாவீது'ன்னாரு. 'போறதுக்குத்தான் தொர. உங்க புள்ளய பாக்க ஆசயா கீறீங்களேன்னு'ன்னேன்."

"அதுக்கு என்ன சொன்னார்?" என்று அப்பா உள்ளேயிருந்து எழுந்து வந்தார்.

"சிரிச்சாரு."

"சிரிச்சாரா?"

தாவீது மாமா சொம்பைக் கீழே வைத்தார். "சிரிச்சாரா, இருமினாரா, தெர்ல வாத்தியாரே. நான் முன்னால குந்திகினு கீறேன், அவரு பின்னால. அப்பால 'போகலாம்'னாரு. ஓட்டிகினு போய்ட்டேன்."

அன்று அப்பாவும் அம்மாவும் தொடங்கிய சண்டை வருஷக்கணக்காக ஓடியது. "அவரே கேட்டார், நாம் கொடுத்தோம்" என்பார் அப்பா. "பொண்டாட்டி பொதைஞ்ச மண்ண விட்டுட்டு எந்த மனுஷன் கேட்டுப் போவான்? எல்லாருமாச் சேர்ந்து மரியாதையாத் துரத்திட்டோம்" என்பாள் அம்மா. "அப்போ நீ ஏன் தூக்கினே?" என்று அப்பா கேட்டால் மட்டும் எழுந்து உள்ளே போய்விடுவாள். அடுத்த மழைக்காலத்தில் ஐயர் இறந்துபோனதாகப் புதிய போதகர் ஆராதனையில் அறிவித்தார். மகன் வீட்டில் நிம்மதியாகக் காலமானார் என்றார். நிம்மதி என்பது எல்லாருக்கும் சொல்கிற சொல்தான்.

நான் ஐயரைப் பற்றி இதுவரை எழுதியதைப் படித்துப் பார்க்கிறேன். அவர் நல்லவரா என்றுகூட இதிலிருந்து யாருக்கும் தெரியாது போலிருக்கிறது. நல்லவர்தான். அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் ஒருவர் தமக்கு வேண்டியதை மறைத்துக்கொண்டு மற்றவர்களைக் கேட்டால் அது நியாயமா? மறைக்காமல் கேட்டால் வருகிற பதில் பதிலா? அவர் முகத்தைக் காட்டியிருந்தால் நாங்கள் சரியாகச் சொல்லியிருப்போமா, இல்லை முகத்துக்காகச் சொல்லியிருப்போமா?

இப்போது என் பெண் விஷயம். "போறேம்மா" என்று அவள் சொன்னபோது என் முகத்தில் என்ன இருந்தது என்று எனக்குத் தெரியாது. போகட்டும் என்று இருந்ததா? அவள் படித்து மேலே வர வேண்டும் என்ற ஆசை எனக்கு உண்டு. அதை அவள் பார்த்திருப்பாள். இரண்டாவது தரம் கேட்டபோது, அடுப்பு ஊதுகிற சாக்கில் முதுகைக் காட்டிக்கொண்டு கேட்டேன். அவள் சுற்றிக்கொண்டு முன்னால் வந்து, குனிந்து என் முகத்தைப் பார்த்தாள். பார்த்துவிட்டு, "போறேம்மா" என்றாள்.

"குழந்தைகிட்ட போய் இதையெல்லாம் கேப்பாங்களா?" என்கிறார் என் கணவர். "நாமதான் முடிவு பண்ணணும். பண்ணிட்டு அவகிட்ட சொல்லிட்டாப் போச்சு."

"அவளுக்கு இஷ்டமில்லன்னா?"

"இஷ்டம்னு சொல்லிட்டாளே?"

"சொன்னா ஆச்சாங்க?"

"அப்போ எதுக்குக் கேட்டே?"

எதற்குக் கேட்டேன் என்று எனக்கும் புரியவில்லை. அவளுக்காகக் கேட்டேனா, நாளைக்கு அவள் அங்கே அழுதால் 'நீதானே போறேன்னு சொன்னே' என்று சொல்ல எனக்கு ஒரு வழி இருக்கட்டும் என்று கேட்டேனா? கூட்டிக்கொண்டு போனால் படிப்பு போய்விடும். விட்டுவிட்டுப் போனால் அவள் எதற்கும் 'மாட்டேன்' என்று சொல்லத் தெரியாத பெண்ணாகவே அங்கே வளர்ந்துவிடுவாளோ என்று பயமாக இருக்கிறது. கோடை விடுமுறை முடிந்து பள்ளி திறப்பதற்குள் பதில் சொல்ல வேண்டும்.

விடுதியில் தலைபின்னிவிட யாரும் இருக்கமாட்டார்கள் என்று அவளுக்கு யாரோ சொல்லியிருக்கிறார்கள். சில நாட்களாகக் காலையில் தானே கண்ணாடி முன் உட்கார்ந்து பின்னிப் பழகுகிறாள். கை பின்னால் எட்டவில்லை. வகிடு கோணலாகப் போகிறது. ஒரு பக்கம் தடியாகவும் மறுபக்கம் எலிவாலாகவும் இரண்டு பின்னல். இன்று அதை முடித்துக்கொண்டு வந்து நின்று, "நல்லா இருக்காம்மா?" என்று கேட்டாள். "ரொம்ப நல்லா இருக்கு கண்ணு" என்றேன். அவளும் நம்பிவிட்டாள்.

இதைப் படிக்கும் தாய்மார்களைக் கேட்டுக்கொள்கிறேன். அம்மாவின் முகத்தைப் பார்த்தே பதில் சொல்லப் பழகிய ஒரு குழந்தை, தனக்கு வேண்டாததை வேண்டாம் என்று சொல்லும்படி அதனிடம் எப்படிக் கேட்பது? உங்களில் யாராவது அப்படிக் கேட்டு, மெய்யான பதிலை வாங்கியிருந்தால், என்ன வார்த்தைகளில் கேட்டீர்கள் என்று தயவுசெய்து எனக்கு எழுதுங்கள்.